சராசரி விலையை நம்பி நீச்சலுடைக்குக் கொட்டேஷன் போடாதீர்கள்

அமெரிக்க இறக்குமதிக் கணக்கை எடுத்து, பெண்கள் நீச்சலுடையின் மொத்த மதிப்பை எண்ணிக்கையால் வகுத்து, "சீனாவிலிருந்து இந்த விலைக்கு வருகிறது, உங்களால் ஏன் முடியாது" என்று பையர் (ஆர்டர் கொடுத்து வாங்குபவர்) மின்னஞ்சல் அனுப்புவது இப்போது சாதாரணமாகிவிட்டது. அதைப் பார்த்துப் பதறி அரை டாலர் குறைத்துக் கொடுத்துவிட்டு, சீசன் முடிந்து கணக்குப் பார்க்கும்போது கையைப் பிசைபவர்கள் இருக்கிறார்கள். நீச்சலுடைக்கும் உள்ளாடைக்கும் பேர்போன இலங்கையில் பெரிய நிறுவனங்களுக்கு இதைப் பார்க்கத் தனி ஆட்கள் உண்டு. சின்ன யூனிட் வைத்திருப்பவருக்கும், பருத்திப் பனியனை விட்டுச் செயற்கை இழைக்கு மாறலாமா என்று யோசிக்கும் திருப்பூர்க்காரருக்கும் அப்படி யாரும் இல்லை. அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

முதல் தவறும் பெரிய தவறும், வகுத்து வந்த அந்த எண்ணை விலை என்று எடுத்துக்கொள்வது. ஒரு நாட்டிலிருந்து போன வருடம் 100 உருப்படி போனது என்று வையுங்கள். அதில் 60, கப் வைத்து முழு லைனிங் போட்ட ஒன்பீஸ், ஒன்று 9 டாலர். மீதி 40 சாதாரண ரகம், ஒன்று 4 டாலர். சராசரி 7 டாலர் வரும். இந்த வருடமும் அதே 100 உருப்படிதான், ஆனால் ஒன்பீஸ் 40, சாதாரண ரகம் 60. இப்போது சராசரி 6 டாலர். யாரும் ஒரு சென்ட் கூடக் குறைக்கவில்லை, ஆனால் கணக்கில் விலை 14% விழுந்திருக்கிறது. பையர் அனுப்பும் கிராஃபில் தெரிவது பெரும்பாலும் இந்த மாதிரி வீழ்ச்சிதான். அவர் பொய் சொல்கிறார் என்று நான் சொல்லவில்லை, அவருக்கும் அந்தக் கலவை தெரியாமல் இருக்கலாம். அதனால் பதில் எழுதும்போது சராசரியைப் பற்றி வாதாட வேண்டாம். "எந்த ஸ்டைல், என்ன துணி, கப் உண்டா, எத்தனை பீஸ், எந்தத் துறைமுகம்" என்று கேளுங்கள். அதற்குப் பதில் வந்தால்தான் பேச விஷயம் இருக்கிறது.

சரி, அந்த எண் எந்தப் பெட்டியிலிருந்து வந்தது என்று பார்த்தீர்களா? சுங்கக் குறியீட்டில் 6112.41 என்பது செயற்கை இழையில் பின்னல் துணியால் ஆன நீச்சலுடை. வேறு இழை என்றால் 6112.49. நெய்த துணி என்றால் முற்றிலும் வேறு இடம், 6211.12. வழக்கமான 80% நைலான், 20% எலாஸ்டேன் (இழுபட்டு மீளும் இழை) துணி முதல் பெட்டியில் விழும். ஆனால் இந்த ஆறு இலக்கத் தலைப்பு "பெண்கள் அல்லது சிறுமிகள்" என்று இருவரையும் சேர்த்தே சொல்கிறது. ஐந்து வயதுக் குழந்தையின் உடையும் பெரிய அளவுப் பெண்ணின் உடையும் ஒரே சராசரிக்குள் போகின்றன. அமெரிக்கா பத்து இலக்கத்தில் இரண்டையும் பிரித்துக் காட்டுகிறது, அதனால் பத்து இலக்கம் வரை இறங்கிப் பார்க்காமல் எதையும் முடிவு செய்ய வேண்டாம். ராஷ் கார்டு (உடலோடு ஒட்டும் நீச்சல் சட்டை), கடற்கரைக்குப் போட்டுக்கொள்ளும் மேலாடை எல்லாம் கடையில் நீச்சலுடைப் பிரிவில் தொங்கும், சுங்கத்தில் பெரும்பாலும் வேறு தலைப்பில் போகும். உங்கள் பையரின் ஆர்டரில் பாதி அவைதான் என்றால் 6112.41-ஐப் பார்த்து உங்களுக்குப் பயனில்லை.

எண்ணிக்கையிலும் கவனம் வேண்டும். அமெரிக்கக் கணக்கு டஜனில் வரும், கூடவே கிலோவும் இருக்கும். 12-ஆல் வகுக்க மறந்தவர்களும் உண்டு, ஏற்கெனவே பீஸாக மாற்றித் தரும் தளத்தில் எடுத்துவிட்டு மறுபடி வகுத்தவர்களும் உண்டு. கிலோ விலையை வைத்து ஒப்பிடுவது இன்னும் மோசம். இரட்டை லைனிங் போட்டால் எடை ஏறும், கிலோ விலை இறங்கியது போலத் தெரியும். நுரை கப் வைத்தால் வேலை கூடும், எடையோ அவ்வளவாகக் கூடாது. மேலும் கீழும் தனித்தனியாக விற்கும் பிகினியில் ஒரு "உடை" என்பது எது என்பதையும் முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள். பையர் செட் விலை நினைத்துக் கேட்பார், நீங்கள் கீழ்ப் பாகத்தின் விலையை மட்டும் நினைத்துச் சொல்வீர்கள்.

அமெரிக்காவையும் ஐரோப்பாவையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. அமெரிக்கச் சுங்க மதிப்பில் கப்பல் கூலியும் இன்ஷூரன்ஸும் சேராது, ஏறக்குறைய நம் எஃப்.ஓ.பி. விலைதான், அதாவது நம் துறைமுகத்தில் கப்பலில் ஏற்றிக் கொடுக்கும் விலை. ஐரோப்பிய இறக்குமதி மதிப்பில் இரண்டும் சேர்ந்திருக்கும், அதாவது சி.ஐ.எஃப். இந்தியாவிலும் அப்படித்தான். இதைச் சரிசெய்யாமல் "ஐரோப்பாக்காரர் கூட விலை கொடுக்கிறார்" என்று முடிவு கட்டினால், கூடுதலாகத் தெரிவதில் ஒரு பங்கு கப்பல்காரருக்குப் போன பணம்.

வரி விஷயத்தில்தான் 2025-இல் நிறையப் பேர் குழம்பினார்கள். செய்தியில் வந்த சதவீதத்தை மொத்த வரி என்று நினைத்துக்கொண்டார்கள். செயற்கை இழைப் பின்னல் நீச்சலுடைக்கு அமெரிக்காவின் வழக்கமான வரியே 24.9%. எல்லா ஆடைக்கும் இவ்வளவு கிடையாது, இது ஏற்கெனவே கனமான வரி. இலங்கைக்கு 2025 ஏப்ரல் 2-ஆம் தேதி 44% கூடுதல் வரி என்று அறிவித்தார்கள், ஜூலையில் அது 30% ஆனது, கடைசியில் ஆகஸ்டில் 20% என்று நின்றது. அந்த 20% என்பது 24.9%-க்கு மேல். 6 டாலர் எஃப்.ஓ.பி. உடைக்கு வழக்கமான வரி 1.49 டாலர், கூடுதல் வரி 1.20 டாலர், ஆக மொத்தம் 2.69. கப்பல் கூலிக்கு முன்பே பையருக்கு 8.69 ஆகிவிட்டது. அதே ஆகஸ்ட் 27 முதல் இந்தியப் பொருளுக்குக் கூடுதல் 50% வந்தபோது, அதே 6 டாலர் உடைக்கு வரி மட்டும் 4.49. திருப்பூரில் அப்போது அமெரிக்க ஆர்டர் ஏன் ஆட்டம் கண்டது என்பதற்கு வேறு விளக்கம் தேவையில்லை. இவை அந்தந்தத் தேதிக்கு உரிய எண்கள். நீங்கள் விலை கொடுக்கும் நாளின் விகிதத்தைத் தனியாகப் பார்த்து, கொட்டேஷனில் தேதி போட்டு, எத்தனை நாள் செல்லும் என்றும் எழுதுங்கள்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். வரியைக் கட்டுவது இறக்குமதி செய்பவர், அது சுங்க மதிப்பில் சேராது. ஆகவே கடையில் விலை ஏறுவதைப் பார்த்து "தொழிற்சாலைக்கு நல்ல விலை கிடைக்கிறது போல" என்று நினைக்க வேண்டாம். அதே சமயத்தில் இறக்குமதி மதிப்பு இறங்கினால், சப்ளையர் தன் லாபத்திலிருந்து கழிவு கொடுத்திருக்கலாம், அல்லது முன்பு சொன்ன கலவை மாறியிருக்கலாம். எது என்று ஸ்டைல் வாரியாகப் பார்த்தால்தான் தெரியும்.

அடுத்தது மாதக் கணக்கு. நீச்சலுடை வருடம் முழுவதும் ஒரே சீராக ஓடும் சரக்கு இல்லை. வட அமெரிக்கா, ஐரோப்பாவின் கோடைக்கான சரக்கு குளிர்காலத்தில் தைத்து வருடத் தொடக்க மாதங்களில் கப்பல் ஏறும். ஆஸ்திரேலியாவுக்கு நேர் எதிர் காலம். மார்ச்சை ஜூலையோடு ஒப்பிட்டு "டிமாண்ட் படுத்துவிட்டது" என்று எழுதுவதில் அர்த்தமே இல்லை. போன வருட அதே மாதத்தோடு ஒப்பிட்டாலும் சீனப் புத்தாண்டு இடறும். 2024-இல் அது பிப்ரவரி 10, 2025-இல் ஜனவரி 29. தொழிற்சாலைகள் மூடும் வாரங்கள் மாதம் மாறி விழுவதால் ஒரு மாதம் உயர்ந்தும் அடுத்தது தாழ்ந்தும் தெரியும். அதற்கு மேல் 2025-இல் வரி பயத்தில் பலர் சரக்கை முன்கூட்டியே இறக்கினார்கள். ஏப்ரலில் சீனப் பொருளுக்குக் கூடுதல் வரி 145% வரை போய், மே 14-இல் 30%-க்கு இறங்கியது. இந்த ஏற்ற இறக்கத்துக்கு நடுவில் ஒரு மாத எண்ணைப் பிடித்துக்கொண்டு டிரெண்ட் என்று சொல்லக் கூடாது. பன்னிரண்டு மாதக் கூட்டுத்தொகையை மாதாமாதம் நகர்த்திப் பாருங்கள், ஓரளவு உண்மை தெரியும்.

கணக்கில் வராமலே போன சரக்கும் இருக்கிறது. 2016 முதல் 800 டாலருக்கு உட்பட்ட பார்சலுக்கு அமெரிக்காவில் வரி கிடையாது என்றிருந்தது. ஷீயின், டெமு மாதிரி செயலிகளில் வாங்கிய பிகினிகள் அந்த வழியில் வீட்டு வாசலுக்கே போய்ச் சேர்ந்தன, 6112.41 புள்ளிவிவரத்தில் ஏறவில்லை. சீனா, ஹாங்காங் சரக்குக்கு இந்தச் சலுகை 2025 மே 2-இல் முடிந்தது, மற்ற நாடுகளுக்கு ஆகஸ்ட் 29-இல். அதற்கு முந்தைய வருடங்களில் "சீனாவின் பங்கு குறைகிறது" என்று படித்ததை இதை மனதில் வைத்துக்கொண்டு மறுபடி படியுங்கள்.

மூலப்பொருள் விலை ஏறினால் உடை விலையும் அதே அளவு ஏறும் என்று நினைப்பது எதிர்ப்பக்கத் தவறு. 2021-இல் ஸ்பாண்டெக்ஸ் (எலாஸ்டேனின் இன்னொரு பெயர்) விலை சீனாவில் கடுமையாக ஏறியபோது, அதைக் காட்டியே சில மில்கள் துணி விலையைத் தாறுமாறாக ஏற்றின. கணக்குப் போடுங்கள். லைனிங்கோடு சேர்த்து 180 கிராம் எடையுள்ள ஒன்பீஸ், அதில் எலாஸ்டேன் 20% என்றால் 36 கிராம். எலாஸ்டேன் கிலோவுக்கு 5 டாலர் ஏறினாலும் ஓர் உடைக்கு 18 சென்ட். வெட்டுச் சேதாரம் சேர்த்தால் 22, 23 சென்ட் வரும். மில் ஒரு உடைத் துணிக்கு 60 சென்ட் ஏற்றிக் கேட்டால், மீதி எதற்கு என்று கேட்க உங்களுக்கு உரிமை உண்டு.

உண்மையில் பணம் கரைவது வேறு இடத்தில். 2,400 பீஸ் ஆர்டர் என்று பையர் சொல்வார், பிரித்துப் பார்த்தால் எட்டு பிரிண்ட், ஒவ்வொன்றிலும் 300. அதற்குள் ஐந்து சைஸ். ஒவ்வொரு பிரிண்டுக்கும் ஸ்ட்ரைக்-ஆஃப் (சோதனை அச்சு) போட்டு ஒப்புதல் வாங்க வேண்டும், அதற்கேற்ற சாயத்தில் லைனிங், எலாஸ்டிக், நூல் வேண்டும், மில்லின் குறைந்தபட்ச அளவுக்கு வாங்கி மிச்சத்தை ரேக்கில் வைக்க வேண்டும். பாலியஸ்டர் என்றால் சப்ளிமேஷனில் (வெப்பத்தால் சாயம் ஏற்றும் முறை) அடித்துவிடலாம். நைலான் என்றால் ஆசிட் மையில் அடித்து, ஆவியில் வைத்து, அலச வேண்டும், செலவும் நேரமும் வேறு. ஒரே டிசைன் படத்தைக் காட்டி "பாலியஸ்டர் விலையில் நைலானில் செய்து கொடுங்கள்" என்று கேட்கும்போது இதையெல்லாம் எடுத்துச் சொல்லுங்கள், பலர் கேட்டுக்கொள்வார்கள்.

கப்பல் கூலி பற்றியும் இதே கதைதான். 2023 கடைசியில் செங்கடலில் கப்பல்கள் தாக்கப்பட்ட பிறகு, ஐரோப்பா போகும் கன்டெய்னர்கள் நன்னம்பிக்கை முனையைச் சுற்றிப் போயின. எல்லோரும் கூலியைப் பற்றியே பேசினார்கள். நீச்சலுடை சின்ன உருப்படி. 40 அடிக் கன்டெய்னரில் 50,000 பீஸ் ஏறுகிறது, கூலி 3,000 டாலர் கூடுகிறது என்று வைத்தால், பீஸுக்கு 6 சென்ட். அடித்தது அந்த 6 சென்ட் இல்லை, இரண்டு வாரத் தாமதம். கோடைக்குள் கடைக்கு வராத பிகினி தள்ளுபடியில் போகும், இல்லாவிட்டால் பையர் அதைக் காட்டி உங்களிடம் கழிவு கேட்பார், அல்லது விமானத்தில் அனுப்பச் சொல்வார். விமானக் கூலி யார் தலையில் என்பதை ஆர்டர் எடுக்கும் நாளிலேயே எழுதி வாங்குங்கள்.

கடைசியாக, "சப்ளை சீனாவை விட்டு நகர்கிறது" என்ற பேச்சு. தையல் நகர்வது உண்மை. ஆனால் லியோனிங் மாகாணத்தின் ஹுலுதாவோவில் உள்ள ஷிங்செங், ஃபூஜியானில் ஜின்ஜியாங் மாதிரி நீச்சலுடை ஊர்களில், துணி, பிரிண்ட், கப், கொக்கி, வளையம் எல்லாம் பக்கத்துப் பக்கத்தில் கிடைக்கின்றன. மற்ற நாட்டில் தைப்பவர்களும் பல சமயம் அங்கிருந்துதான் வாங்குகிறார்கள். ஏற்றுமதி நாட்டின் பெயர் மாறியதால் மூலப்பொருளின் வழி மாறிவிட்டது என்று கணக்கிட வேண்டாம், அங்கே ஒரு தடங்கல் வந்தால் உங்கள் லைனும் நிற்கும்.

இதில் வரிச் சலுகையும் மாட்டிக்கொண்டிருக்கிறது. ஐரோப்பிய ஒன்றியம் நீச்சலுடைக்கு 12% வரி போடுகிறது. இலங்கைக்கு 2010-இல் நிறுத்தப்பட்டு 2017 மே மாதம் திரும்பக் கிடைத்த ஜி.எஸ்.பி. பிளஸ் என்ற ஐரோப்பிய வரிச் சலுகை இருந்தால் அது பூஜ்யம். ஆனால் அதற்குத் தைத்தால் மட்டும் போதாது, துணியையும் அங்கேயே பின்னியிருக்க வேண்டும், ஐரோப்பியத் துணி மாதிரி சில விதிவிலக்குகள் உண்டு. சீனாவில் பின்னிய துணியைக் கொண்டுவந்து வெட்டித் தைத்தால் 12% கட்டித்தான் ஆக வேண்டும். மீட்டருக்கு 40 சென்ட் மலிவு என்று சீனத் துணியை புக் செய்துவிட்டு, பையருக்குப் பூஜ்ய வரி விலையைச் சொன்னால் நஷ்டம் நிச்சயம். 7 டாலர் மதிப்புள்ள உடைக்கு 12% என்பது 84 சென்ட், ஓர் உடைக்கு ஒரு மீட்டர் துணி கூட ஆகாது, அதனால் துணியில் மிச்சமாவது 40 சென்ட்டுக்கும் குறைவு. ஆகவே துணி புக் செய்வதற்கு முன்பே எங்கே பின்னியது என்பதற்கான மில் ஆவணத்தைக் கேட்டு வாங்குங்கள், சலுகை கிடைக்காவிட்டால் அந்த 12% யார் பொறுப்பு என்பதையும் பையரிடம் எழுத்தில் வாங்கி ஆர்டர் ஃபைலில் வையுங்கள்.