குறும்படத்துக்குக் குழல் வைக்கும்போது நாம் செய்யும் தவறுகள்

கடலூரிலிருந்து புதுச்சேரி போகும் பேருந்தில் எடுத்த ஒரு குறும்படத்துக்கு நான் பின்னணி இசை போட்டிருந்தேன். கதாநாயகன் ஜன்னலோரம் உட்கார்ந்து பழைய காதலை நினைக்கிறான். வெளியே கிருமாம்பாக்கம் போகிறது, தவளக்குப்பம் போகிறது. நான் கீபோர்டில் டின் விசில் என்ற சின்னத் தகரக் குழலின் ஒலியை எடுத்து, மேல்ஸ்தாயியில் இரண்டு சுரத்தை அடுத்தடுத்து வைத்து உருகியிருந்தேன். மஞ்சக்குப்பத்தில் ஒரு மொட்டை மாடியில் படத்தைப் போட்டுக் காட்டினோம். அந்த இரண்டு சுரம் வந்ததும் முன்வரிசையில் இருந்த ஒரு சிறுவன் "ரைட்!" என்று கத்தினான். மாடியே சிரித்தது. ஒரு விசில் என்றால் நிறுத்து, இரண்டு விசில் என்றால் கிளம்பு. பேருந்தில் போகிற நம் ஊர்ப் பிள்ளைக்கு அது தெரியும். எனக்குத்தான் தோன்றவில்லை.

அதன்பிறகு நண்பர்கள் சிலரின் படங்களுக்கும் உதவியிருக்கிறேன். குழல் வரும் இடங்களில் எல்லோரும் கிட்டத்தட்ட ஒரே தவறுகளைத்தான் செய்கிறோம்.

குழப்பம் பெயரிலேயே தொடங்குகிறது. ஊதுகிற எல்லாவற்றையும் 'ஃப்ளூட்' என்று சொல்லிவிடுகிறோம். நாதஸ்வரத்தில் சீவாளி, அதாவது ஊதும்போது அதிரும் மெல்லிய நாக்கு, உண்டு, ஷெனாயிலும் உண்டு. 2000-ல் வந்த 'கிளாடியேட்டர்' படத்தில் மனதைப் பிசையும் 'டுடுக்' என்ற ஆர்மீனிய வாத்தியமும் சீவாளி வகைதான். பலர் அதைப் புல்லாங்குழல் என்றே நினைத்திருக்கிறார்கள். குழலில் சீவாளி கிடையாது. துளையின் விளிம்பில் மோதும் காற்றுதான் ஒலி. மகுடியும் குழல் இல்லை, சுரைக்குடுக்கைக்குள் சீவாளி வைத்தது. 1954-ல் வந்த இந்தி 'நாகின்' படத்தில் ஊரையே ஆட்டிய மகுடி ஒலி, உண்மையில் மகுடியே இல்லை. கிளாவியோலின் என்ற மின்னணுக் கருவியில் கல்யாண்ஜி வாசித்தது. அப்படி மாற்றி வைப்பதில் தவறில்லை, எதற்குப் பதில் எதை வைக்கிறோம் என்று தெரிந்து வைக்க வேண்டும்.

விசிலும் புல்லாங்குழலும்கூட வேறு வேறு. புல்லாங்குழலில் உதடுதான் காற்றைத் துளை விளிம்புக்கு அனுப்புகிறது. உதட்டின் கோணத்தை மாற்றினால் சுருதியும் குணமும் மாறும். விசிலில் அந்த வேலையை வாய்ப்பகுதியில் இருக்கும் குறுகிய பாதையே செய்துவிடும், ஊதினால் போதும். அதனால் விசிலின் ஒலி நேராக, கொஞ்சம் வெகுளியாக வரும். அயர்லாந்தின் டின் விசிலுக்கு ஆறு துளை. 1997-ல் வந்த 'டைட்டானிக்' அதை உலகம் முழுக்கக் கொண்டுபோனது. புதுச்சேரி கடற்கரைச் சாலையில் குழந்தைகளுக்கு விற்கும், நுனியில் வாய் வைத்து ஊதும் மூங்கில் குழல் இருக்கிறதே, அதுவும் விசில் குடும்பம்தான். அதை வாங்கிவந்து "புல்லாங்குழல் இருக்கிறது, ரெக்கார்ட் செய்யலாம்" என்று ஒருவர் என்னிடம் நீட்டினார். பாவம், அதற்குச் சுருதியும் கிடையாது.

எனக்கு மிகவும் எரிச்சல் தருவது கீபோர்டில் எழுதும் குழல். கீபோர்டுக்கு நுரையீரல் கிடையாது, ஆகவே நாமும் மூச்சை மறந்துவிடுகிறோம். தேவனாம்பட்டினம் கடற்கரையில் விடியலைக் காட்டும் ஒரு காட்சிக்கு நான் நிறுத்தாமல் போகும் ஒரு மெட்டைப் போட்டு, எனக்குக் குழல் சொல்லிக்கொடுத்த ஆசிரியரிடம் வாசிக்கக் கேட்டேன். கேட்டு முடித்தவர், "இதை வாசிக்கணும்னா எனக்கு மூணு நுரையீரல் வேணும் தம்பி" என்றார். அன்றிலிருந்து எழுதிய மெட்டை ஒருமுறை வாயால் பாடிப் பார்க்கிறேன். மூச்சு முட்டும் இடத்தில் ஓர் இடைவெளி விடுகிறேன். அந்த இடைவெளியில் வயலினோ கித்தாரோ பதில் சொல்லலாம், கடல் சத்தமே வரலாம். அசல் குழலை வைத்துப் பதிவு செய்த பிறகும் இதே தவறு வேறு வழியில் வருகிறது: எடிட்டிங்கில் மூச்சு இழுக்கும் சத்தத்தை ஒன்றுவிடாமல் வெட்டிவிடுவார்கள். மிச்சமிருப்பது மறுபடியும் கீபோர்டு போலவே ஒலிக்கும். பெரிதாகக் கேட்பவற்றைக் குறையுங்கள், எல்லாவற்றையும் துடைக்காதீர்கள்.

கீபோர்டு இன்னொரு விதத்திலும் ஏமாற்றும். அதில் கீழ் சுரமும் மேல் சுரமும் ஒரே அழுத்தத்தில் வரும். உண்மையான குழலில் கீழ்ஸ்தாயி மென்மையானது, அதை உரக்க ஊத முடியாது, ஊதினால் ஒலி மேல்ஸ்தாயிக்குத் தாவிவிடும். மேல்ஸ்தாயியோ மெதுவாக வாசிக்கச் சிரமமானது. ஆகவே கீழ்ஸ்தாயியில் ஓர் அழகான வரியை எழுதி, அதன்மேல் ஸ்ட்ரிங்ஸையும் தபலாவையும் அடுக்கினால் குழல் காணாமல் போய்விடும். அப்புறம் கமகம். மூங்கிலில் விரலைத் துளையின்மேல் மெல்ல உருட்டி ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிப் போவார்கள். 1995-ல் வந்த 'பம்பாய்' தீம் இசையில் நவீன் குமார் வாசித்த குழலைக் கேளுங்கள். சுரங்களைவிட, சுரங்களுக்கு நடுவில் நடப்பதுதான் அங்கே இசை. கீபோர்டில் சுருதியை வளைக்கும் பிட்ச் வீலைத் திருகி அதைக் கொண்டுவரலாம் என்று நானும் நிறைய நாள் நம்பினேன்.

கட்டை, அதாவது சுருதியின் அளவு, விஷயத்தில் செலவு செய்து கற்றுக்கொண்டவர்கள் உண்டு. ஒரு குழல் ஒரு சுருதிக்குச் செய்தது. ஒரு கட்டை என்றால் சி, இரண்டு கட்டை டி, ஐந்து கட்டை ஜி, ஐந்தரை ஜி ஷார்ப். கட்டை கூடக் கூடக் குழல் குட்டையாகும். பாட்டை இரண்டரைக் கட்டையில் போட்டுவிட்டு, ஐந்து கட்டைக் குழலோடு வந்த மாணவரைப் பார்த்து "வாசிங்க" என்றால் அவர் பாதித்துளை மூடித் திண்டாடுவார். அனுபவம் உள்ளவர் வேறு துளையை ஆதாரமாக வைத்துச் சமாளிப்பார், ஆனால் குழலின் இயல்பான குரல் வராது. சினிமாவில் வாசிப்பவர்கள் பை நிறையக் குழல்களோடு வருவது இதற்குத்தான். வரச் சொல்லும்போதே போனில் கட்டையைச் சொல்லிவிடுங்கள். கர்நாடகக் குழலா, வடஇந்திய பன்சூரியா என்பதையும் சொல்லுங்கள். முன்னதில் வழக்கமாக எட்டுத் துளை, பின்னதில் ஆறு அல்லது ஏழு. விரல் பழக்கமே வேறு.

வசனத்தின்மேல் குழல் வைப்பது அடுத்தது. பேச்சு தெளிவாகக் கேட்க உதவும் ஒலிகள் பெரும்பாலும் 1000 முதல் 4000 ஹெர்ட்ஸ் வரை இருக்கின்றன. டி சுருதி டின் விசில் சுமார் 587 ஹெர்ட்ஸில் தொடங்கி 2350 வரை போகும். அதாவது அம்மா பேசும் இடத்திலேயே விசிலும் பேசும். ஒலியைக் குறைத்தால் சரியாகிவிடும் என்பார்கள். சரி, கொஞ்சம் சரியாகும். ஆனால் வசனம் முடிந்து, முகத்தில் கேமரா நிற்கும் அந்த இரண்டு நொடியில் குழல் தொடங்கினால் குறைக்கவே தேவையில்லை.

கிராமம் என்றால் குழல், ஆடு மாடு என்றால் குழல், மரணம் என்றாலும் குழல். இந்தப் பழக்கத்துக்குப் பழைய வேர் உண்டு. சங்க நூலான பெரும்பாணாற்றுப்படையில் ஆயன் தீக்கடைகோலின் நெருப்பால் துளையிட்ட குழலில் பாலைப் பண் ஊதுகிறான். (இன்றும் குழல் செய்பவர்கள் பழுக்கக் காய்ச்சிய கம்பியால்தான் மூங்கிலைத் துளைக்கிறார்கள்.) ஆனால் அந்த ஆயனே குழல் சலித்ததும் குமிழ மரக் கொம்பில் நரம்பு கட்டி வில்யாழ் செய்து வாசிக்கப் போய்விடுகிறான். அவனுக்கே சலித்தது, நமக்குச் சலிக்கவில்லை! சந்தேகக் காட்சிக்கோ நகைச்சுவைக்கோ சமையலறைப் பரபரப்புக்கோ குழலை வைத்துப் பாருங்கள். சுரத்தைத் துண்டு துண்டாக நாக்கால் தட்டி ஊதினால் அது கிண்டலும் செய்யும்.

பதிவுக்கு வருவோம். சித்திரை வெயிலில் வண்டியில் வந்து இறங்கியவரை நேரே குளிர்சாதன அறையில் உட்காரவைத்து டேக் எடுப்பது வழக்கமான அவசரம். காற்று 10 டிகிரி குளிர்ந்தால் ஒலியின் வேகம் நொடிக்கு சுமார் 6 மீட்டர் குறையும். கணக்குப்படி சுருதி அரைச் சுரத்தில் கால் பங்குக்கும் சற்று மேலாக இறங்க வேண்டும். வாசிப்பவரின் சூடான மூச்சு அதில் ஒரு பகுதியை ஈடுகட்டும், முழுதாக இல்லை. பத்து நிமிடம் சும்மா வாசிக்க விடுங்கள், குழல் சூடாகட்டும். மைக்கைக் குழலின் கடைசி நுனியில் வைப்பவர்களையும் பார்த்திருக்கிறேன், நாதஸ்வரத்தின் அணைசு, அதாவது அகன்ற வாய்ப்பகுதி, என்று நினைத்துவிட்டார்கள் போல. குழலின் ஒலி ஊதும் துளையிலிருந்தும் திறந்திருக்கும் விரல் துளைகளிலிருந்தும் வருகிறது. ஊதும் துளைக்கு நேர் எதிரே வைத்தால் காற்றுதான் பதிவாகும். ஓரடி தள்ளி, கொஞ்சம் மேலிருந்து, விரல்களைப் பார்க்கிற மாதிரி வையுங்கள்.

வாயால் அடிக்கும் சீட்டியைப் பற்றி ஒரு வார்த்தை. 1964-ல் என்னியோ மோரிக்கோனே இசையமைத்த கௌபாய் படத்துக்கு அலெஸாண்ட்ரோ அலெஸாண்ட்ரோனி அடித்த சீட்டியைக் கேட்டுவிட்டு, நம் ஊர் நாயகன் அறிமுகத்துக்கும் அதையே போடுகிறார்கள். தியேட்டரில் அந்த நேரம் ரசிகர்களின் விசிலே கூரையைப் பிய்க்கும், உங்கள் சீட்டி யாருக்குக் கேட்கும்? தனிமையான நடைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

அந்தப் பேருந்துக் காட்சியை நான் பிறகு திருத்தினேன். டின் விசிலை எடுத்துவிட்டேன். இப்போது கண்டக்டர் இரண்டு விசில் கொடுக்கிறார், வண்டி கிளம்புகிறது, எஞ்சின் சத்தம் சீராகும் வரை இசை இல்லை. தவளக்குப்பம் தாண்டித்தான் ஒரு நீளக் குழல் கீழ்ஸ்தாயியில் தொடங்குகிறது. அதற்கு முன் ஆசிரியர் மூச்சு இழுப்பது லேசாகக் கேட்கும். அதை வெட்டவில்லை.