நோபிட்டா கோமாவில் இல்லை: கார்ட்டூன் ஃபார்வர்டை உரித்துப் பார்ப்பது எப்படி

போன மாதம் அக்கா மகன், ஒன்பது வயது, சாப்பிடாமல் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். என்னடா என்று கேட்டால், "மாமா, டோரேமான் மொத்தமும் நோபிட்டா கோமாவுல கண்ட கனவாம், கடைசி எபிசோட்ல செத்துப்போயிடுறானாம்" என்கிறான். டோரேமான் ஒரு ஜப்பானிய கார்ட்டூன்; நோபிட்டா என்ற பையனும் அவன் கூடவே இருக்கும் டோரேமான் என்ற ரோபோ பூனையும்தான் கதை. யாரோ சோக இசை போட்டு ஒரு வீடியோ விட்டிருக்கிறார்கள். அப்படி ஒரு எபிசோட் கிடையாது என்று சொன்னால் நம்புவானா? அதனால் கூட உட்கார்ந்து பிரித்துக் காட்டினேன். அதையே இங்கே எழுதுகிறேன், உங்கள் வீட்டு குரூப்புக்கும் உதவும்.

முதலில் கேட்க வேண்டியது, இந்தக் கதைக்கு முடிவு என்று ஒன்று உண்டா என்பது. டோரேமானுக்கு இல்லை. வரைந்த ஃபுஜிகோ எஃப். ஃபுஜியோ 1996இல் முடிவு எழுதாமலே இறந்துபோனார். 1974இல் டோரேமான் நோபிட்டாவைப் பிரிந்து போகிற கதை ஒன்றை எழுதினார்தான், ஆனால் அடுத்த மாதமே திரும்பி வரவைத்துவிட்டார். இந்த மாதிரி ஓட்டை இருக்கிற இடத்தில்தான் ரசிகர்கள் புகுந்துகொள்வார்கள்.

அப்புறம், பொய்க்குள் இருக்கிற நிஜத் துளியைத் தேடுங்கள். எவ்வளவு கலப்படம் செய்தாலும் அது ஒன்று உள்ளே கிடக்கும். டோரேமானின் காதை எலி கடித்துத் தின்றது ஒரிஜினலில் உள்ள விஷயம். அதிலிருந்து நூல் பிடித்து ஒரு ஜப்பானிய ரசிகர் கதை கட்டினார்: டோரேமானின் பேட்டரி தீர்ந்துவிடுகிறது, நினைவைக் காப்பாற்றும் பாகம் காதில் இருந்ததால் பேட்டரியை மாற்றினால் எல்லாம் மறந்துவிடும், ஆகவே மக்கு நோபிட்டா படித்துப் படித்து ரோபோ விஞ்ஞானியாகி அவனை எழுப்புகிறான். கேட்டால் நமக்கே தொண்டை அடைக்கும். 2005இல் இதை இன்னொருவர் அசல் புத்தகம் போன்ற அட்டையோடு காமிக்ஸாகப் போட்டு 10,000 பிரதிகளுக்கு மேல் விற்றார். ஒரிஜினல் என்றே நம்பியவர்கள் உண்டு. பதிப்பகம் தலையிட்டது, 2007இல் அவர் மன்னிப்புக் கேட்டு வருமானத்தில் ஒரு பங்கைக் கட்டினார். கோமா கதையை விட இது நூறு மடங்கு மேல் என்பது என் கட்சி, பையனுக்கும் இதைத்தான் சொல்லிச் சாப்பிட வைத்தேன்.

படமாக வந்தால் தேதியைப் பிடியுங்கள். டிரம்ப் எஸ்கலேட்டரில் இறங்குகிற, சிம்ப்சன்ஸ் என்ற அமெரிக்க கார்ட்டூன் படத்தை, "2000லேயே சொல்லிட்டாங்க பாருங்க" என்று இன்னமும் அனுப்புகிறார்கள். நிஜத் துளி என்ன? 2000 மார்ச்சில் வந்த எபிசோடில், ஜனாதிபதியாகிவிட்ட லிசா (சிம்ப்சன் வீட்டுப் பெண்), முந்தைய ஜனாதிபதி டிரம்ப் விட்டுப்போன பட்ஜெட் பற்றாக்குறையைப் பற்றிப் பேசுவாள். அந்த வசனம் நிஜம். எஸ்கலேட்டர் படமோ 2015 ஜூலையில் வந்த குட்டி வீடியோ. அவர் நிஜமாக எஸ்கலேட்டரில் இறங்கியது அதற்கு முந்தைய மாதம், அதாவது நடந்ததைப் பார்த்து வரைந்தது. இரண்டையும் ஒட்டவைத்தால் ஜோசியம் ஆகிவிடுகிறது!

இதில் ஒரு சுலபமான வழி உண்டு. சிம்ப்சன்ஸ் 2009 பிப்ரவரி வரை பழைய டிவி மாதிரி சதுரத்துக்குக் கிட்டின சட்டத்தில்தான் வந்தது. அகலப்படமாக ஒன்றைக் காட்டி 2000 என்றால் சந்தேகப்படுங்கள். சந்தேகம் மட்டும்தான், தீர்ப்பு இல்லை, ஏனென்றால் டிஸ்னி பிளஸ் 2019இல் பழைய எபிசோடுகளை மேலும் கீழும் வெட்டி அகலமாக்கியே போட்டது. டஃப் பீர் ஆலைக் காட்சியில் மூன்று தொட்டிகள், டஃப், டஃப் லைட், டஃப் டிரை, மூன்றுக்கும் மேலே ஒரே குழாயிலிருந்து பீர் வரும், அதுதான் ஜோக். வெட்டியதில் குழாயே போச்சு. சிதைப்பது ரசிகர்கள் மட்டும் என்று யார் சொன்னது? ரசிகர்கள் கத்தின கத்தில் 2020இல் பழைய சட்டத்தையும் கொடுத்தார்கள். வசனம் தெரிந்தால் ஃபிரிங்கியாக் என்ற தளத்தில் தட்டுங்கள், ஆரம்ப சீசன்களின் ஃப்ரேம், எபிசோட் எண்ணோடு வந்து நிற்கும். மற்ற கார்ட்டூனுக்கு, படத்தை வைத்தே தேடுகிற கூகுள் லென்ஸ்தான் கதி.

மீம் என்றால் இவ்வளவு பாடு வேண்டாம். கோணிக்கொண்டு நிற்கிற ஸ்பாஞ்ச்பாப் (அதே பெயர் கார்ட்டூனின் மஞ்சள் பஞ்சு நாயகன்) அடுத்தவரைக் கிண்டல் செய்வதாகத்தானே எல்லோரும் போடுகிறோம். 2012 எபிசோடில் அவன் யாரையும் கிண்டல் செய்யவில்லை, கட்டம் போட்ட துணியைப் பார்த்தால் கோழியாகிவிடுவான், அவ்வளவுதான். இதனால் யாருக்கும் நஷ்டமில்லை, விடுங்கள்.

கஷ்டமான கேஸ் ஒன்று இருக்கிறது. அதே ஸ்பாஞ்ச்பாப் தொடரில், அவன் பக்கத்து வீட்டுக்காரன் ஸ்க்விட்வார்ட் தற்கொலை செய்துகொள்ளும் "தடைசெய்யப்பட்ட எபிசோட்" என்று 2010 வாக்கில் ஒரு பேய்க்கதை கிளம்பியது. முழுக் கற்பனை. ஆனால் 2019இல் வந்த ஒரு எபிசோடில் கதவுகள் திறக்கத் திறக்க விதவிதமான ஸ்க்விட்வார்டுகள் நிற்பார்கள், அதில் ஒருவன் அந்தப் பேய்க்கதையில் வருகிற சிவந்த கண் ஸ்க்விட்வார்ட். வரைந்தவர்களே குறும்பு செய்துவிட்டார்கள். பிறகு வந்த ஒளிபரப்பில் அவனை எடுத்துவிட்டு ஒரு குழந்தை ஸ்க்விட்வார்டை நிறுத்தினார்கள். ஆகவே "எபிசோட்ல இருக்கு" என்று ஒருவரும் "இல்லவே இல்ல" என்று இன்னொருவரும் மல்லுக்கு நின்றால், யார் எப்போது ஒளிபரப்பான பிரதியைப் பார்த்தார்கள் என்று முதலில் கேளுங்கள்.