லாஃப்ட்டில் தூங்கும் பழைய கம்ப்யூட்டர்: எங்கே தவறு செய்கிறோம்?

மும்பையில் வீடு வாங்கிய யாரைக் கேட்டாலும், சதுர அடி என்ன விலை கொடுத்தார் என்பதைத் தூக்கத்தில்கூடச் சொல்வார். அவ்வளவு விலை கொடுத்த இடத்தில் என்ன அடைத்து வைத்திருக்கிறார் என்று அதே ஆளின் வீட்டு லாஃப்ட்டைத் (பரணை) திறந்து பாருங்கள். செம்பூரில் எங்கள் வீட்டு லாஃப்ட்டில் ஒரு பெண்டியம் 4 கம்ப்யூட்டர், இரண்டு பேர் தூக்க வேண்டிய சிஆர்டி மானிட்டர் (பழைய டிவி போல படக்குழாய் உள்ளது), இரண்டு டயல்-அப் மோடம், ஐந்து கைபேசிகள், எதற்கென்றே தெரியாத சார்ஜர்கள் ஒரு பை நிறைய இருந்தன. "எப்பவாவது தேவைப்படும்" என்று வைத்தவைதான்.

அந்த 'எப்பவாவது' ஒருநாள் வந்தது. அப்பாவின் சஷ்டியப்தபூர்த்திப் படங்களைத் தங்கை கேட்டாள். அந்தக் கம்ப்யூட்டரில்தான் இருக்கின்றன, பத்திரமாக இருக்கின்றன என்று பெருமையாகச் சொன்னேன். இறக்கித் துடைத்து பிளக்கைச் சொருகினால் மின்விசிறி அரைச் சுற்று சுற்றி நின்றது. மூடியைக் கழற்றினால் மதர்போர்டில் (உள்ளே இருக்கும் தாய்ப் பலகையில்) கெபாசிட்டர்கள் என்ற சின்ன உருளைகள் தலை உப்பி, இரண்டு கசிந்து காய்ந்திருந்தன. 2000-களின் தொடக்கத்தில் வந்த மதர்போர்டுகள் பலவற்றில் இந்தக் கோளாறு உண்டு; அது தெரிந்தும் நான் திறந்து பார்த்ததில்லை.

இதுதான் எல்லாருமே செய்யும் முதல் தவறு. பெட்டியையும் அதற்குள் இருப்பதையும் ஒன்றாக நினைத்துவிடுகிறோம். பெட்டிக்கு மதிப்பு போய் வெகுகாலம் ஆகிவிட்டது. உள்ளே இருக்கும் படங்களுக்கும் கடிதங்களுக்கும்தான் மதிப்பு, அவற்றையோ பெட்டியோடு சேர்த்துப் பூட்டி வைக்கிறோம். ஹார்டு டிஸ்க் வருடக்கணக்கில் சுற்றாமல் கிடந்தால் மறுபடி சுற்றும் என்று நிச்சயமில்லை. பென் டிரைவிலும் மெமரி கார்டிலும் தகவல் மின்னேற்றமாகத்தான் நிற்கிறது. மின்சாரமே காணாமல் கிடந்தால் அது மெல்லக் கசியும், வெயில் படும் லாஃப்ட்டில் இன்னும் வேகமாக. வீட்டில் எழுதிய சிடிக்களில் தகவலைத் தாங்குவது ஒரு சாயப் பூச்சு. அதுவும் வெளுக்கும்.

மும்பைக்கென்று ஒன்று கூடுதலாக உண்டு. ஜூன் முதல் செப்டம்பர் வரை காற்றே ஈரம், அதோடு கடல் உப்பு. அட்டைப்பெட்டி அந்த ஈரத்தைக் குடித்து வைத்துக்கொள்ளும். என் சிடி பை முழுக்கப் பூஞ்சை. 2005 ஜூலை 26 அன்று சாந்தாகுரூஸில் 24 மணி நேரத்தில் 944 மில்லிமீட்டர் மழை கொட்டியபோது, தரைத்தள வீடுகளில் கட்டிலுக்கு அடியில் பத்திரமாக இருந்தவை என்ன ஆகியிருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

சரி, என் கதைக்கு வருவோம். கம்ப்யூட்டர் செத்தால் ஹார்டு டிஸ்க்கும் செத்தது என்று நினைப்பது அடுத்த தவறு. டிஸ்க்கை மட்டும் கழற்றி எடுத்துக்கொண்டு கிராண்ட் ரோடு ஸ்டேஷனில் இறங்கி, கம்ப்யூட்டர் கடைகள் நிறைந்த லேமிங்டன் ரோடு போனேன். என்னுடையது இப்போதைய சாட்டா இணைப்புக்கு முந்தைய ஐடிஇ வகை, பட்டைக் கேபிளும் 40 ஊசிகளும் கொண்டது. அதை யுஎஸ்பியில் இணைக்கும் அடாப்டர் கிடைக்கிறது. வாங்கும்போது தனி பவர் சப்ளையோடு வருகிறதா என்று பாருங்கள். யுஎஸ்பி தரும் மின்சாரம் பெரிய டிஸ்க்கைச் சுற்றப் போதாது. படங்களில் முக்கால்வாசி வந்துவிட்டன. பிறகு டிஸ்க் 'டக், டக்' என்று தட்ட ஆரம்பித்தது. அப்போது உடனே நிறுத்தியிருக்க வேண்டும். நான் ஆசையில் நாலு முறை அணைத்துப் போட்டேன், மிச்சம் போயே போய்விட்டது. அந்தச் சத்தம் கேட்ட பிறகு ஒவ்வொரு முறை மின்சாரம் கொடுப்பதும் டிஸ்க்கை மேலும் சுரண்டக்கூடும். முக்கியமான தகவல் என்றால் தரவு மீட்பவரிடம் கொடுத்துவிட வேண்டும்.

தமிழர் வீட்டுக் கம்ப்யூட்டரில் இன்னொரு கண்ணி இருக்கிறது. ஃபைலைக் காப்பி எடுத்துவிட்டோம், வேலை முடிந்தது என்று நினைப்போம். புது லேப்டாப்பில் திறந்தால் ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியுமாக ஏதோ கொட்டிக் கிடக்கும். எல்லாக் கம்ப்யூட்டரும் படிக்கும் பொதுக் குறியாக்கமான யூனிகோடு பரவுவதற்கு முன் நாம் தட்டச்சு செய்ததெல்லாம் பாமினி, டாம், டாப், டிஸ்கி என்று ஆளுக்கொரு குறியாக்கத்தில். பாமினியில் மெய்யெழுத்தின் புள்ளி இருப்பதே அரைப்புள்ளி விசையில்தான். 1999-ல் தமிழக அரசு டாம், டாப் இரண்டையும் தரமாக்கிய பிறகும் அவரவர் பழக்கம் அவரவர்க்கு. அந்த எழுத்துரு அந்தப் பழைய கம்ப்யூட்டரில் மட்டும்தான் இருக்கும். அதனால் ஆவணங்களை எடுக்கும்போது விண்டோஸின் ஃபாண்ட்ஸ் ஃபோல்டரில் உள்ள தமிழ் எழுத்துருக்களையும் சேர்த்து எடுங்கள். எந்த எழுத்துரு என்று தெரிந்தால் என்எச்எம் கன்வெர்ட்டர் போன்ற மென்பொருளில் யூனிகோடுக்கு மாற்றிவிடலாம். தெரியாவிட்டால் ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்க்க வேண்டியதுதான்.

இதைவிடத் தலைவலி பேஜ்மேக்கர் என்ற பக்க வடிவமைப்பு மென்பொருள். இங்குள்ள தமிழ் அமைப்புகளின் ஆண்டு மலர், கல்யாணப் பத்திரிகை எல்லாம் ஒரு காலத்தில் அதில்தான் வடிவமைத்தார்கள். அதன் கடைசிப் பதிப்பான 7, 2001-ல் வந்தது. அதன் இடத்துக்கு வந்த இன்டிசைன் மென்பொருளில் அந்த ஃபைல்களைத் திறந்த பதிப்புகள் சிஎஸ்6 வரைதான். அதன்பின் வந்தவை கையை விரித்துவிடும். பழைய கம்ப்யூட்டர் இன்னும் ஓடுகிறது என்றால், இந்த ஒரு வேலைக்காகவாவது அதை இன்றே ஓட விட்டு எல்லாவற்றையும் பிடிஎஃப் ஆக்கிவிடுங்கள்.

அப்புறம் பேட்டரி. லாஃப்ட்டில் இருந்த ஐந்து கைபேசிகளில் ஒன்று பூரி போல உப்பி, பின்மூடியைத் தள்ளிக்கொண்டு நின்றது. லித்தியம் பேட்டரி உள்ளே சிதைந்து வாயு சேரும்போது இப்படி ஆகும். அதைக் குத்திக் காற்றை வெளியேற்றலாம் என்று ஒரு நண்பர் யோசனை சொன்னார். தயவுசெய்து வேண்டாம், தீப்பிடிக்கும். சார்ஜும் போடாதீர்கள். துணி, காகிதம் இல்லாத இடத்தில் தனியாக வைத்து, மின்கழிவு எடுப்பவரிடம் உப்பியது என்று சொல்லிக் கொடுங்கள். பழைய போனை வைத்திருந்தே ஆக வேண்டும் என்றால் பாதி சார்ஜில் வையுங்கள். முழுதாக ஏற்றி வெயிலில் வைப்பதும், சுத்தமாகத் தீர்ந்த நிலையில் வருடக்கணக்கில் போட்டு வைப்பதும் பேட்டரியைக் கொல்லும்.

தாராவி 90 அடிச் சாலையில் கடை வைத்திருக்கும் அண்ணாச்சி ஒருவர் இன்னும் விண்டோஸ் எக்ஸ்பியில் பில் போடுகிறார். அதன் ஆதரவு, அதாவது பாதுகாப்பு ஓட்டைகளை அடைத்துத் தருவது, 2014 ஏப்ரல் 8-ல் முடிந்தது என்றேன். "நல்லா ஓடிக்கிட்டிருக்க மிஷினை எதுக்குப்பா தூக்கிப் போடச் சொல்லுத?" என்று கேட்டார். நியாயம்தான். அவருடைய டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டரும் அந்தப் பழைய போர்ட்டில்தான் மாட்டும். பில் போட மட்டும், இணையம் இல்லாமல் ஓடினால் பெரிய ஆபத்து இல்லை. ஆனால் அவர் மகன் அதே கம்ப்யூட்டரில் நெட் இணைத்து வங்கிக் கணக்கு பார்க்கிறான். தவறு அங்கேதான். விண்டோஸ் 10-க்கும் 2025 அக்டோபர் 14-ல் வழக்கமான ஆதரவு முடிந்துவிட்டது, நம்மில் பலர் இப்போது அந்த மகன் இடத்தில்தான் இருக்கிறோம். அதற்காக எல்லாவற்றையும் தூக்கி எறியவும் வேண்டாம். பத்து வருட லேப்டாப்பில் ஹார்டு டிஸ்க்குக்குப் பதில் வேகமான ஒரு எஸ்எஸ்டி போட்டு, விண்டோஸுக்குப் பதில் இலவசமான லினக்ஸ் மின்ட் ஏற்றினால் படிக்கும் பிள்ளைக்கு இன்னும் சில வருடம் உழைக்கும்.

விலை ஏறும் என்று வைத்திருப்பவர்களுக்கு: ஏறாது. சோர் பஜாரில் பழைய கிராமபோன் பெட்டிக்கு ஆள் இருக்கலாம். உங்கள் டிடிஆர்2 ராம் (பழைய வகை நினைவகச் சில்லு அட்டை) எந்தப் புதுப் பலகையிலும் பொருந்தாது, வெட்டுப் பள்ளமே வேறு இடத்தில்.

லாஃப்ட்டைக் காலி செய்யும் வேகத்தில் நேர் எதிர்த் தவறும் நடக்கும். கீழே 'பங்கார்வாலா' (பழைய சாமான்காரர்) குரல் கேட்டதும் மொத்தத்தையும் எடைக்குப் போட்டுவிடுவது. ஃபார்மேட் செய்தால் தகவல் அழிந்துவிட்டது என்பது பொய். விரைவு ஃபார்மேட் செய்த டிஸ்க்கிலிருந்து உங்கள் பான் கார்டு ஸ்கேனை இலவச மென்பொருளிலேயே மீட்கலாம். டிஸ்க் முழுவதையும் மேலெழுதி அழிக்க வேண்டும், அல்லது டிஸ்க்கைக் கழற்றி நீங்களே வைத்துக்கொள்ள வேண்டும். ஆண்ட்ராய்டு போனை ரீசெட் செய்யும் முன் கூகுள் கணக்கை நீக்குங்கள். இல்லாவிட்டால் அந்த போன் வாங்கியவரிடம் போய் உங்கள் பாஸ்வேர்டைக் கேட்டு நிற்கக்கூடும்.

எடைக்குப் போனது எங்கே போகிறது என்பதும் கொஞ்சம் யோசிக்க வேண்டிய விஷயம். சிஆர்டி கண்ணாடியில் ஈயம் இருக்கிறது. செம்புக்காகக் கேபிளைக் கொளுத்துவதும், தங்கத்துக்காகப் பலகையை அமிலத்தில் முக்குவதும் ஏதோ ஒரு ஏழைக் குடும்பத்தின் வாசலில் நடக்கிறது. 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள மின்கழிவு விதிகளின்படி, மறுசுழற்சி செய்பவர் மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தில் பதிவு செய்திருக்க வேண்டும். பதிவு இருக்கிறதா என்று கேளுங்கள். ஒரு வீட்டுக் கழிவுக்கு வண்டி அனுப்பத் தயங்குவார்கள். எங்கள் சொசைட்டியில் எல்லாரையும் சேர்த்துக் கூப்பிட்டபோது மூன்று மாடியிலிருந்து பதினோரு மானிட்டர் இறங்கியது.

மிஞ்சியது சார்ஜர் பை. அதை ஒதுக்க மனம் வரவில்லை. போன வருடம் ரௌட்டரின் அடாப்டர் தொலைந்தபோது அந்தப் பையிலிருந்து முனை பொருந்திய ஒன்றை எடுத்துச் சொருகினேன். ரௌட்டர் கேட்டது 5 வோல்ட், நான் கொடுத்தது 12. புகைகூட வரவில்லை, விளக்கு ஒரு முறை மின்னி அணைந்தது. முனை பொருந்தினால் போதாது, வோல்ட் சரியாக இருக்க வேண்டும், ஆம்பியர் குறையக் கூடாது. இப்போது ஒவ்வொரு அடாப்டரிலும் எதற்குரியது என்று பிளாஸ்திரியில் எழுதி ஒட்டியிருக்கிறேன். எழுதத் தெரியாமல் நின்றவை பதினேழு. அவையும் அந்த வண்டியிலேயே போயின.