முதல் மாரத்தானா? கிரெட்டே வைட்ஸ் பட்ட பாட்டைக் கேட்டுவிட்டு ஓடுங்கள்

முதல் மாரத்தானுக்கு, அதாவது 42.195 கிலோமீட்டர் ஓட்டத்துக்கு, பெயர் கொடுத்தாயிற்று, தினமும் ஐந்தாறு கிலோமீட்டர் நன்றாகவே ஓடுகிறோம், அந்த வேகத்திலேயே சமாளித்துவிடலாம் என்று நினைக்கிறீர்களா? அப்படியானால் நார்வேயின் கிரெட்டே வைட்ஸ் 1978-ல் நியூயார்க்கில் ஓடியதைத் தெரிந்துகொள்ளுங்கள். ஆஸ்லோவில் பள்ளி ஆசிரியை, 3000 மீட்டரில் உலக சாதனை படைத்தவர். அப்போதெல்லாம் ஒலிம்பிக்கில் பெண்களுக்கு 1500 மீட்டருக்கு மேல் ஓட்டமே கிடையாது, அதனால் 1972, 1976 இரண்டிலும் அதைத்தான் ஓடினார். இப்படிப்பட்டவர் பயிற்சியில்கூட ஏறக்குறைய 20 கிலோமீட்டரைத் தாண்டியதில்லை.

முதல் பாதி சுலபமாகப் போனது. 30 கிலோமீட்டர் வாக்கில் தொடைகள் பிடித்துக்கொண்டன. வழிப் பலகைகளோ மைல் கணக்கில், அவருக்குப் பழக்கம் கிலோமீட்டர், எவ்வளவு மிச்சம் என்றே புரியாமல் மரங்கள் தெரியும்போதெல்லாம் எல்லைக்கோடு இருக்கும் சென்ட்ரல் பார்க் வந்துவிட்டது என்று நம்பி நம்பி ஏமாந்தார்.

அதனால் முதல் வேலை, லாங் ரன், அதாவது நீண்ட தூரப் பயிற்சி ஓட்டம். வாரம் ஒரு நாள் மட்டும், கூட வருபவரோடு பேசிக்கொண்டே போகும் வேகத்தில். இப்போது 12 ஓட முடிகிறதென்றால் வாரத்துக்கு ஒன்றரை, இரண்டு கிலோமீட்டர் கூட்டுங்கள், நான்காவது வாரம் குறைத்துக்கொள்ளுங்கள். 30 அல்லது 32 வரை போனால் போதும், அதுவும் பந்தயத்துக்கு மூன்று வாரம் முன்பே முடிந்துவிட வேண்டும். தசையில் சேர்ந்திருக்கும் மாவுச்சத்து பலருக்கும் 30 கிலோமீட்டரை ஒட்டித்தான் தீரும், கால் கனக்கத் தொடங்குவது அங்கேதான். ஓடிக்கொண்டே தண்ணீர் குடிப்பது, வாழைப்பழமோ பேரீச்சையோ தின்பது, இதெல்லாம் லாங் ரன்னிலேயே பழகிவிடுங்கள்.

பந்தயத்துக்கு முந்தின ராத்திரி கிரெட்டே இறால், மாட்டிறைச்சி ஸ்டேக், ஒயின், ஐஸ்கிரீம் எல்லாம் சாப்பிட்டார். நீங்கள் அதைச் செய்யாதீர்கள். இட்லி சாப்பிட்டு லாங் ரன் போய்ப் பழகியிருந்தால் அன்றைக்கும் இட்லிதான்.

அப்புறம் வேகம். ஐந்து மணி நேரத்தில் முடிக்க வேண்டுமென்றால் கிலோமீட்டருக்கு 7 நிமிடம் 6 விநாடி. முதல் 5 கிலோமீட்டரை இதைவிடப் பத்து விநாடி மெதுவாகவே ஓடுங்கள், கூட்டம் இழுக்கும், போகாதீர்கள். 10, 21, 30-ல் கடிகாரம் என்ன காட்ட வேண்டும் என்பதை மணிக்கட்டில் பேனாவால் எழுதிக்கொள்ளுங்கள்.

முடித்ததும் உட்காராமல் பத்து நிமிடமாவது நடங்கள். இனி ஓடுவதா வேண்டாமா என்று அன்றைக்கு முடிவு எடுக்கவே எடுக்காதீர்கள். 2 மணி 32 நிமிடம் 30 விநாடியில், பெண்களில் அதுவரை யாரும் ஓடாத வேகத்தில் முடித்த கிரெட்டே, போகலாம் என்று வற்புறுத்திக் கூட்டிவந்த கணவர் ஜாக் மேல் ஷூவைக் கழற்றி எறிந்தார், இனி மாரத்தானே வேண்டாம் என்றார். அடுத்த ஆண்டே திரும்பி வந்து 2:27:33-ல் ஓடினார். 1988-க்குள் நியூயார்க்கில் ஒன்பது முறை ஜெயித்துவிட்டார்.