தெரியாத எண்ணா? விடையிலிருந்து பின்னுக்கு வாங்க

‘அந்த எண் எது?’ என்று கேட்கும் கணக்கில் கடைசி வரியிலிருந்து தொடங்கிப் பின்னுக்கு வாங்க. கூட்டியிருந்தால் கழியுங்க, பெருக்கியிருந்தால் வகுங்க. உதாரணத்துக்கு, புறக்கோட்டையில் கையிலிருந்த காசில் பாதிக்கு ரம்புட்டான், அப்புறம் பஸ்ஸுக்கு 60 ரூபா, மிச்சம் 140 என்றால், 140உம் 60உம் 200, அதன் இரு மடங்கு 400, அவ்வளவுதான். கடைசியாகச் செய்ததை முதலில் அவிழ்ப்பதால், சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் காலுறையைக் கழற்றுவது போல, ஒவ்வொரு படியிலும் தெரிந்த எண்தான் கையில் இருக்கும், x தேவையே இல்லை. ஐந்தாம் தரப் புலமைப்பரிசில் பரீட்சை எழுதும் பிள்ளைக்கும் பிடிபடும். வரிசையை மாற்றி 140ஐ முதலில் இரட்டிப்பாக்கினால் 340 வரும், பிழை. இன்னொன்று, கால்வாசி செலவு என்றால் மிச்சம் முக்கால்வாசி, அதனால் 4ஆல் பெருக்கி 3ஆல் வகுக்கணும் (பெரியவர்களே இதில் சறுக்குவார்கள்).

தெரியாத எண் இரண்டு இடத்தில் வந்தால் இது சரிவராது. ‘ஓர் எண்ணின் 3 மடங்கில் 8ஐக் கழித்தால், அதே எண்ணோடு 12ஐக் கூட்டியதற்குச் சமம்’ என்பதற்குச் சமன்பாடுதான் போடணும்: 3x − 8 = x + 12, விடை 10.