டீஸ் நீரிணைக்கு ஒரு பருவ வட்டம் வரைதல்

வாடைக்காற்று எழுந்தால் சிறு வள்ளங்கள் கரையேறும் என்பதையும், சோளகக் காலத்தில் மேற்குக் கரை மீனவர் இங்கு வந்து வாடி அமைப்பர் என்பதையும் திருகோணமலை மாணவருக்கு எவரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை. அந்தப் பழக்கத்தோடு ஆர்க்டிக் நீர்வழி ஒன்றுக்குப் பருவ வட்டம் வரையும்போது, உறைந்த மாதங்கள் எல்லாவற்றுக்கும் எதிரே "பயன்பாடு இல்லை" என்று எழுதிவிடத் தோன்றும். அதைத் தவிர்ப்பதற்கே இந்த வழிகாட்டி.

முதலில் அட்லஸில் இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். கனடாவின் பெருநிலத்துக்கும் விக்டோரியாத் தீவுக்கும் இடையே, ஏறத்தாழ 69 பாகை வட அகலக்கோட்டில், மேற்கே கொரனேசன் குடாவையும் கிழக்கே குயின் மோட் குடாவையும் இணைத்தபடி டீஸ் நீரிணை சுமார் 160 கிலோமீற்றர் நீளத்துக்குக் கிடக்கிறது. கிழக்குப் புறத்தில், தீவின் தென்கரையில் கேம்பிரிட்ஜ் பே என்னும் ஊர் உண்டு. அட்லஸ் இந்நீரிணையை நீலமாகவே அச்சிடும்; ஆண்டின் பெரும்பகுதியில் அது வெள்ளை.

பின்னர் பன்னிரண்டு மாதங்களாகப் பிரித்த வட்டத்துக்குள் மூன்று வளையங்கள் வரையுங்கள். வெளிவளையம் நீரின் நிலைக்குரியது: ஒக்ரோபரில் உறையத் தொடங்கி, குளிர்காலத்தின் முடிவில் சுமார் 2 மீற்றர் தடிப்பை எட்டும் பனிக்கட்டி யூலையில் உடைகிறது. நடுவளையம் கப்பல்களுக்குரியது, ஊருக்கான எரிபொருளும் பொருட்களும் கடல்வழியே வந்துசேரும் ஓகஸ்ட், செப்ரெம்பர் மாதங்களை இதில் நிரப்பினால் பெரும்பாலும் போதும்.

பனியின் மேல் செல்லும் மனிதருக்கும் மான்களுக்கும் உரிய உள்வளையத்துக்குத்தான் பொறுமை வேண்டும். கப்பல்களுக்கு மூடிய அதே நீர், அப்பகுதியின் பழங்குடியினரான இனுயிட் மக்களுக்குப் பனிமோட்டார் வண்டியிலும் சறுக்குவண்டியிலும் வேட்டைக்கும் பனித்துளை மீன்பிடிக்கும் செல்லும் பாதையாகிறது. கோடையை விக்டோரியாத் தீவில் கழிக்கும் காரிபூ மான்கள், இலையுதிர் காலத்தில் தென்கரைக்கு வந்து கடல் உறையும்வரை காத்து நின்று, பின் பனியின் மேல் நடந்து பெருநிலத்துக்குக் கடக்கின்றன. வசந்தத்தில் அதே பாதையில் திரும்புகின்றன. உறைதல் தாமதமாகும் ஆண்டுகளில் மெல்லிய பனி உடைந்து மான்கள் மூழ்கிவிடுவதுண்டு. பிந்திய இலையுதிர் காலத்தில் பனியை உடைத்துச் செல்லும் கப்பலும் அவற்றின் வழியைத் துண்டிக்கிறது. ஆகவே நடுவளையமும் உள்வளையமும் ஒன்றையொன்று தொடும் ஒக்ரோபர், நவம்பரைச் சிவப்பில் தீட்டுங்கள். என் கணிப்பில் இந்த வட்டத்தில் மிக முக்கியமான பகுதி அதுவே.

வட்டம் காலத்தைக் காட்டுமேயன்றி இடத்தைக் காட்டாது. எனவே பக்கத்தில் ஒரு சிறு வரைபடமும் வேண்டும். நீரிணைக்குள் இருக்கும் பின்லேசன் தீவுகளுக்கு இடைப்பட்டவை போன்ற ஒடுங்கிய இடங்களில் வற்றுப்பெருக்கு நீரோட்டம் வேகமாகி, ஆழத்திலுள்ள சற்று வெப்பமான நீரை மேலே கலக்குவதால், நடுக்குளிர்காலத்திலும் பனி மெலிந்திருக்கும். அவ்விடங்களைப் புள்ளிக் கோட்டால் சூழ்ந்து குறியுங்கள்.

உறையும், உடையும் நாட்கள் ஆண்டுக்காண்டு மாறுவதால் வெளிவளையத்தின் எல்லைகளை மையால் அல்லாமல் பென்சிலால் வரைந்து, எந்த ஆண்டின் தரவு என்பதை ஓரத்தில் எழுதுங்கள்.