கதைக்கு ஒரு முரண்பட்ட பொருளை உருவாக்குவது எப்படி?

மாயாஜாலக் கதைக்கு ஒரு விசித்திரப் பொருள் வேண்டுமா? ஒரே ஒரு முரண்பாட்டைப் பிடித்துக்கொள்ளுங்கள். எரியும், குளிரும், பேசும், பறக்கும் என்று அடுக்கினால் யாரும் நம்ப மாட்டார்கள்.

நிஜத்திலேயே மாதிரிகள் இருக்கின்றன. உருகிய கண்ணாடியைத் தண்ணீரில் சொட்டவிட்டால் தலைப்பிரட்டை மாதிரி ஒரு துளி கிடைக்கும். தலையைச் சுத்தியலால் அடித்தாலும் தாங்கும், ஆனால் வாலை லேசாக ஒடித்தால் மொத்தமும் நொடியில் பொடியாகிவிடும், வெளிப்பக்கம் முதலில் இறுகி உள்பக்கம் பிறகு சுருங்குவதால் தேங்கும் இறுக்கம்தான் காரணம். திரவ ஹீலியம் 2.17 கெல்வினுக்குக் (சுமார் மைனஸ் 271 டிகிரி செல்சியஸ்) கீழே பாத்திரச் சுவரில் தானாக ஏறி வழியும்.

சரி, உங்கள் பொருளுக்கு வருவோம். கையில் இருந்தால் பஞ்சு, கீழே வைத்தால் பாறை என ஒரு உப்பு. அதை எப்படிக் கொண்டுபோவார்கள்? வண்டியில் ஏற்றினால் அச்சு முறியும். அப்போ தரையில் வைக்காமல் இரவும் பகலும் கைமாற்றிக்கொண்டே நடக்கும் ஒரு கூலிக்கூட்டம் வந்துவிடுகிறது பாருங்கள், கதை அங்கேதான் இருக்கிறது (ஒருவன் தூங்கிவிட்டால்?).

அப்புறம், ஏன் இப்படி என்று நீங்கள் விளக்க வேண்டாம். ஊர்க்கிழவர் ஒருவர் தப்பாக விளக்கினால் போதும்.